செக் திரும்பினால் வாய்மூடி இருக்கலாமா?

கடன் வாங்கியவர்கள் எல்லோரும் மோசக்காரர்கள் அல்ல. ஆனால் ஒருவர் கொடுத்த செக், பாங்கியில் இருந்து திரும்பி வந்துவிட்டால் போதும். ஊர் அவரை மோசக்காரர் என்றே பேசும். அவரும் தலையைக் குனிந்துகொள்வார். வக்கீல் நோட்டீசு வந்தால் பிரித்துப் பார்க்க மாட்டார். கோர்ட்டு அமீனா சம்மனோடு வந்தால் கொல்லைப்புறமாகப் போய்விடுவார். "அவர் வீட்டில் இல்லை" என்று மனைவி சொல்லுவாள்.

இதுதான் பெரிய தப்பு!

செக் வழக்கில் தோற்பவர்கள் எல்லோரும், சொல்ல நியாயம் இல்லாமல் தோற்பவர்கள் அல்ல. நியாயத்தைச் சொல்ல வேண்டிய நாளில் சொல்லாமல் தோற்பவர்களும் உண்டு. கடனில் முக்கால் பங்கைக் கட்டியவர், கட்டியதைச் சொல்லாமல் முழுத்தொகைக்கும் டிக்ரி வாங்கிக்கொள்கிறார். வாங்காத பணத்துக்கு வீட்டை ஜப்திக்குக் கொடுக்கிறார். இதைவிடக் கொடுமை உண்டா?

இரண்டு வழக்கு

செக் திரும்பினால் இரண்டு விதமான வழக்கு வரலாம். ஒன்று கிரிமினல் வழக்கு. மற்றொன்று சிவில் வழக்கு. இரண்டையும் ஒன்றாகப் போட்டுக் குழப்பிக்கொள்பவர்கள் அதிகம்.

கிரிமினல் வழக்கு, மாற்றுமுறை ஆவணச் சட்டம் 138-வது பிரிவின்படி வருவது. இந்தச் சட்டம் வெள்ளைக்காரர் காலத்துச் சட்டம். 1881-ம் ஆண்டில் வந்தது. அப்போது அதில் செக் திரும்பினால் தண்டனை கிடையாது. 1989-ம் ஆண்டு ஏப்ரல் 1-ந் தேதி முதல்தான் தண்டனை வந்தது. முதலில் ஓர் ஆண்டு வரை ஜெயில் என்று இருந்தது. 2003-ல் இருந்து இரண்டு ஆண்டு வரை என்று ஆயிற்று. செக் தொகையைப்போல் இரண்டு மடங்கு வரை அபராதமும் போடலாம்.

சிவில் வழக்கு வேறு. "எனக்கு வரவேண்டிய பணத்தை வாங்கிக் கொடுங்கள்" என்று கேட்கும் வழக்கு அது. பணம் கேட்பவர் வாதி. செக் கொடுத்தவர் பிரதிவாதி. மூன்று ஆண்டுக்குள் வழக்குப் போடவேண்டும். தமிழ்நாட்டில் 2017-ம் ஆண்டு கோர்ட்டுக் கட்டணம் குறைக்கப்பட்டது. நூற்றுக்கு 7½ ரூபாயாக இருந்தது, 3 ரூபாய் ஆயிற்று. 2 லட்ச ரூபாய் கேட்டு வழக்குப் போட 6,000 ரூபாய் கட்டினால் போதும். கடன் கொடுத்த ஏழைக்கும் இது நல்லதுதான். அதே சமயம், பொய் வழக்குப் போடுகிறவனுக்கும் செலவு குறைந்துவிட்டது!

இரண்டு வழக்கையும் ஒரே சமயத்தில் போடவும் சட்டம் இடம் கொடுக்கிறது. அதற்காக ஒரே கடனை இரண்டு தடவை வாங்க முடியாது. ஒரு கோர்ட்டில் கொடுத்த பணத்தை இன்னொரு கோர்ட்டில் கழித்துக்கொள்ள வேண்டும். 2008-ல் சுப்ரீம் கோர்ட்டு இதைச் சொல்லி இருக்கிறது.

கிரிமினல் வழக்கு என்றால் எல்லோருக்கும் பயம். ஜெயில் இருக்கிறதே! அதற்கு ஓடி ஓடி வக்கீல் வைக்கிறார்கள். சிவில் வழக்குத்தானே என்று மற்றதை விட்டுவிடுகிறார்கள். வீடு ஏலத்துக்குப் போவது இந்த இரண்டாவது வழக்கில்தான்.

பத்தே நாள்!

சாதாரண சிவில் வழக்கில், சம்மன் கிடைத்த 30 நாளுக்குள் பிரதிவாதி பதில் மனு கொடுக்கவேண்டும். காரணம் சொன்னால் 90 நாள் வரை கோர்ட்டு பொறுத்துக்கொள்ளலாம்.

செக் வழக்கில் இன்னொரு வழி இருக்கிறது. அதற்குச் சுருக்க விசாரணை வழக்கு என்று பெயர். சிவில் நடைமுறைச் சட்டத்தில் 37-வது ஆர்டர். செக், உண்டியல், பிராமிசரி நோட்டு இவற்றுக்காக ஏற்பட்டது. வாதி விரும்பினால் இந்த வழியில் வழக்குப் போடலாம்.

இதில் பிரதிவாதிக்குத் தானாகப் பேசும் உரிமை கிடையாது! பேச அனுமதி கேட்க வேண்டும்.

சம்மன் கிடைத்த 10 நாளுக்குள் கோர்ட்டில் ஆஜராக வேண்டும். தானும் போகலாம். வக்கீலும் போகலாம். நோட்டீசு அனுப்புவதற்கு ஒரு விலாசமும் எழுதிக் கொடுக்கவேண்டும். இதைச் செய்யாவிட்டால், வாதி சொன்னது எல்லாம் உண்மை என்று பிரதிவாதி ஒப்புக்கொண்டதாக ஆகிவிடும். சாட்சி இல்லை, விசாரணை இல்லை. டிக்ரிதான்!

ஆஜரானால் இரண்டாவது சம்மன் வரும். அது வந்த 10 நாளுக்குள், "வழக்காட அனுமதி கொடுங்கள்" என்று மனுப் போடவேண்டும். மனுவோடு பிரமாண வாக்குமூலம் கொடுக்கவேண்டும். தன் கட்சி என்ன என்பதை அதில் ஒன்றுவிடாமல் சொல்லவேண்டும். "பிறகு சொல்லிக்கொள்ளலாம்" என்று எதையும் மிச்சம் வைக்கக்கூடாது.

சம்மனை வாங்க மறுத்தால் தப்பித்துக்கொள்ளலாம் என்று ஒரு பேச்சு ஊரில் உலாவுகிறது. அந்தப் பேச்சை நம்பிக் கெட்டவர்கள் பலர். வாங்க மறுத்தாலும் சம்மன் சேர்ந்துவிட்டதாகக் கோர்ட்டு எடுத்துக்கொள்ளலாம். நாள் ஓட ஆரம்பித்துவிடும். அமீனாவைக் கண்டு கதவைச் சாத்துகிற வீட்டில், டிக்ரி சுவர் ஏறிக் குதித்து வரும்.

பத்து நாள் போதுமா? போதாது என்பதே நியாயமான பதில். உண்டியல் வியாபாரம் செய்த பெரிய வியாபாரிகளுக்கு அது போதும். அவர்களுக்குக் கணக்குப்பிள்ளை உண்டு, வக்கீல் உண்டு. இன்று செக் கொடுப்பவர் யார்? டீக்கடைக்காரர், லாரி ஓட்டுபவர், தையல் வேலை செய்யும் பெண். அவர்கள் சம்மனைப் படித்துப் புரிந்துகொள்ளவே ஒரு வாரம் ஆகிறது. பத்து நாள் கெடு சம்மனில் எழுதித்தான் இருக்கிறது. அதைத் தலைப்பிலேயே, நல்ல தமிழில், கொட்டை எழுத்தில் அச்சடித்தால் என்ன? அதற்குப் புதுச் சட்டம்கூட வேண்டாம். மனம் இருந்தால் போதும்.

கெடு தவறிவிட்டால் எல்லாம் முடிந்தது என்றும் உட்கார்ந்துவிடக் கூடாது. தாமதத்துக்கு நியாயமான காரணம் இருந்தால், கோர்ட்டு மன்னிக்கலாம். ஆஸ்பத்திரியில் படுத்திருந்தால் அதற்குச் சீட்டு இருக்கும் அல்லவா? ஆள் வராததால் டிக்ரி ஆகிவிட்டால்கூட, அதை ரத்து செய்யும்படி கேட்க வழி உண்டு. சாதாரண வழக்கில் அதற்கு 30 நாள் கெடு.

வெறும் செக்கில் கையெழுத்து

இனி, வழக்கு எங்கே பிறக்கிறது என்று பார்க்கலாம்.

ஒரு மளிகைக்கடைக்காரர் 50,000 ரூபாய் கடன் வாங்குகிறார் என்று வைத்துக்கொள்ளுங்கள். கடன் கொடுப்பவர் இரண்டு செக் கேட்கிறார். தொகை எழுதவேண்டாம், தேதி எழுதவேண்டாம், கையெழுத்து மட்டும் போதும் என்கிறார். "ஒரு நம்பிக்கைக்குத்தான் அண்ணாச்சி!" கடைக்காரரும் போட்டுக் கொடுத்துவிடுகிறார். 40,000 ரூபாய் வரை கட்டியும்விடுகிறார். பாதி கையில், பாதி செல்போன் மூலம். பிறகு வியாபாரம் படுத்துவிடுகிறது. இரண்டு தவணை நிற்கிறது. ஒரு நாள் அந்தச் செக்கில் 3 லட்ச ரூபாய் எழுதி, பாங்கியில் போட்டு, திரும்பியதும் வழக்கு வருகிறது!

2012-ம் ஆண்டு ஏப்ரல் முதல், செக்குக்கு மூன்று மாதம்தான் ஆயுள். ஆனால் அந்த மூன்று மாதம், செக்கில் எழுதிய தேதியில் இருந்து ஓடுவது. தேதி போடாத செக்குக்கு ஆயுள் முடிவதே இல்லை. எத்தனை ஆண்டு கழித்தும் அது பீரோவில் இருந்து எழுந்து வரும்.

"தொகையை நான் எழுதவில்லையே!" என்று கடைக்காரர் சொன்னால் மட்டும் போதுமா? போதாது. கையெழுத்துப் போட்டு, மனமறிந்து கொடுத்த செக் என்றால், மற்றதை வேறு ஒருவர் எழுதி இருந்தாலும் கடன் இருப்பதாகவே முதலில் கருதவேண்டும் என்று 2019-ல் சுப்ரீம் கோர்ட்டு சொன்னது. கிரிமினல் வழக்கில் சொன்னது அது. சிவில் வழக்கிலும் இதே மாதிரி ஓர் அனுமானம் உண்டு. செக் என்றால் அதற்குப் பணம் கைமாறி இருக்கிறது என்று சட்டம் முதலில் நம்பும். 118-வது பிரிவு அப்படிச் சொல்கிறது.

முதலில் நம்பும். அவ்வளவுதான். கடைசிவரை நம்பவேண்டும் என்பது இல்லை! அந்த நம்பிக்கையை உடைக்கப் பிரதிவாதிக்கு உரிமை உண்டு. "கொலைக் கேஸ் மாதிரி சந்தேகம் இல்லாமல் காட்டவேண்டியது இல்லை, இப்படி நடந்திருக்கலாம் என்று தோன்றும்படி காட்டினால் போதும்" என்பதே 2010-ல் சுப்ரீம் கோர்ட்டு சொன்னதன் சாரம். கடன் கொடுத்தேன் என்பவரிடம் அத்தனை பணம் இருந்ததா என்று கேட்கலாம். 2019-ல் வேறு ஒரு வழக்கில் அதையும் கோர்ட்டு ஒப்புக்கொண்டது. மாதம் 15,000 ரூபாய் சம்பாதிக்கிறவர், 25 லட்சத்தை ரொக்கமாகத் தூக்கிக் கொடுத்தேன் என்றால், எங்கிருந்து வந்தது என்று சொல்லட்டுமே!

அறுபதாயிரம் ரூபாய் வழக்கு

1958-ம் ஆண்டில் சுப்ரீம் கோர்ட்டுக்கு ஒரு வழக்கு வந்தது. 60,000 ரூபாய் செக் அது. அந்தக் காலத்தில் 60,000 என்றால் சின்னத் தொகை அல்ல. செக் திரும்பிவிட்டது. சுருக்க விசாரணை வழக்குப் போட்டார்கள்.

பிரதிவாதி சொன்னது இதுதான்: "சரக்கு வாங்கியதற்கு ஈடாக இந்தச் செக்கைக் கொடுத்தேன். சரக்குக்குப் பணத்தை ரொக்கமாகவும் வேறு செக்குகளாகவும் கொடுத்துத் தீர்த்துவிட்டேன். இந்தச் செக்கைத் திருப்பித் தந்திருக்க வேண்டும்."

கீழ்க்கோர்ட்டு என்ன செய்தது? விசாரிக்க வேண்டிய விஷயம்தான் என்று ஒப்புக்கொண்டது. ஆனால் ஆதாரம் எதையும் இப்போது காட்டவில்லையே என்றது. ஜாமீன் கட்டினால்தான் வழக்காடலாம் என்று நிபந்தனை போட்டது.

சுப்ரீம் கோர்ட்டு அதை ஏற்கவில்லை. நீதிபதி விவியன் போஸ் தீர்ப்பு எழுதினார். அனுமதி கேட்கும் கட்டத்திலேயே முழு ஆதாரத்தையும் கொண்டுவா என்று சொல்லக்கூடாது. சொல்லுவது உண்மையானால் அது நல்ல எதிர்வாதம். ஆகவே நிபந்தனை இல்லாமல் வழக்காட விடவேண்டும் என்பது முடிவு.

செக் திரும்பியது என்பதாலேயே வாயை அடைத்துவிட முடியாது. அதற்கு இந்தத் தீர்ப்பு ஒரு சாட்சி. ஆனால் வாயில் வந்ததை எல்லாம் சொல்லித் தப்பவும் முடியாது. பிரதிவாதி சொல்வது நம்பும்படியாக இல்லை என்று தோன்றினால், பணத்தைக் கட்டிவிட்டு வழக்காடு என்று கோர்ட்டு சொல்லலாம். சும்மா இழுத்தடிக்கத்தான் என்று தெரிந்தால், அனுமதியே கிடையாது. 2016-ல் சுப்ரீம் கோர்ட்டு இவற்றை மறுபடியும் வகைப்படுத்திச் சொன்னது.

புளுகு உதவாது

"அது என் கையெழுத்தே இல்லை!"

"செக் புத்தகம் பஸ்சில் தொலைந்துவிட்டது!"

செக் வழக்குகளில் அடிக்கடி கேட்கும் வார்த்தைகள் இவை. உண்மையாகவே தொலைத்தவர்கள் உண்டு. ஆனால் அவர்கள் தொலைத்த அன்றே பாங்கிக்கு எழுதிக் கொடுத்திருப்பார்கள். போலீசில் மனுக் கொடுத்திருப்பார்கள். சம்மன் வந்தபிறகு தொலைகிற செக்கை யார் நம்புவார்கள்? பாங்கியில் மாதிரிக் கையெழுத்து இருக்கிறது. பணம் போதவில்லை என்று பாங்கி எழுதிய சீட்டு கோர்ட்டில் இருக்கிறது. பொய் சொன்னவர் அங்கேயே அகப்பட்டுக்கொள்வார். பிறகு அவர் சொல்லும் உண்மையும் எடுபடாது.

இந்தப் புளுகர்களால் நஷ்டப்படுவது கடன் கொடுத்தவர் மட்டும் அல்ல. அடுத்த வழக்கில் நிஜமாகவே ஏமாற்றப்பட்டவர் வந்து நிற்கும்போது, "இதுவும் வழக்கமான கதைதான்" என்று ஆகிவிடுகிறது.

மளிகைக்கடைக்காரர் என்ன சொல்லவேண்டும்? உள்ளதைச் சொல்லவேண்டும். 50,000 வாங்கினேன். 40,000 கொடுத்தேன். பாக்கி 10,000. மூன்று லட்சம் என்பது பொய். இதுதான் பலமான வாதம். ஒப்புக்கொண்ட தொகையைக் கோர்ட்டில் கட்டினால்தான் மிச்சத்துக்கு வழக்காட விடுவோம் என்று சட்டம் சொல்கிறது. அந்தப் பத்தாயிரத்தை எப்பாடு பட்டாவது கட்டிவிட வேண்டும். பெண்டாட்டி வளையலை அடகு வைத்தாலும் மோசம் இல்லை. மூன்று லட்சத்துக்கு டிக்ரி வந்தால் வளையலோடு கடையும் போகும்.

செல்போன் மூலம் அனுப்பிய இருபதாயிரத்துக்குப் பாங்கிக் கணக்கே சாட்சி. கையில் கொடுத்த இருபதாயிரம்? அங்கேதான் கஷ்டம். "இந்த வாரம் கொடுத்ததை வரவு வைத்துக்கொண்டேன்" என்று வாட்ஸ்அப்பில் ஒரு வரி இருந்தாலும் அது தங்கம். அதை அழித்துவிடக் கூடாது. செல்போனை விற்றுவிடவும் கூடாது. செல்போன் செய்தியைக் கோர்ட்டில் காட்டும்போது அதற்கு ஒரு சான்றிதழும் கொடுக்கவேண்டும். வக்கீல் அதைத் தயார் செய்துகொடுப்பார்.

இன்னொரு விஷயம். ஒருவர் கொடுத்த செக்கில், அவர் சம்மதம் இல்லாமல் தொகையையோ தேதியையோ திருத்தினால் அந்தச் செக் செல்லாது. 87-வது பிரிவு. வெறும் இடத்தை நிரப்புவது வேறு. எழுதியதைத் திருத்துவது வேறு. 30,000-க்குப் பக்கத்தில் ஒரு சைபர் ஏறி இருக்கிறதா என்று கண்ணாடி போட்டுப் பார்க்கவேண்டும்.

கடன் கொடுத்தவர் நாள் வட்டி, மீட்டர் வட்டி, கந்துவட்டி வாங்குகிறவர் என்றால், தமிழ்நாட்டில் 2003-ம் ஆண்டுச் சட்டம் அதைக் குற்றம் என்கிறது. அதையும் பயப்படாமல் சொல்லலாம்.

நாள் கடத்தினால் வட்டி

"வழக்கு பத்து வருஷம் நடக்கும், அதற்குள் பார்த்துக்கொள்ளலாம்" என்று யோசனை சொல்லும் அனுபவஸ்தர்கள் ஊருக்கு ஊர் இருக்கிறார்கள். அவர்கள் வட்டி கட்டப்போவது இல்லை! செக்கில் வட்டி எதுவும் எழுதாவிட்டால், ஆண்டுக்கு நூற்றுக்கு 18 வீதம் கணக்குப் போடலாம் என்று 80-வது பிரிவு சொல்கிறது. ஒரு லட்சத்துக்கு ஆண்டுக்கு 18,000 ரூபாய். வழக்குப் போட்ட பிறகு என்ன வட்டி என்பது கோர்ட்டின் கையில் இருக்கிறது. தோற்றால் வாதியின் கோர்ட்டுக் கட்டணமும் சேர்ந்துகொள்ளும். நிஜமாகவே கொடுக்கவேண்டிய கடன் என்றால், இழுத்தடிப்பது எதிராளியைவிடத் தன் வீட்டையே அதிகம் கெடுக்கும்.

கடன் கொடுத்தவர் எல்லோரும் வட்டிக்கடைப் பெரியமனிதர்களும் அல்ல. மகள் கல்யாணத்துக்குச் சேர்த்த பணத்தைச் சிநேகிதனுக்குக் கொடுத்துவிட்டு அலைகிறவர் உண்டு. புருஷன் செத்ததற்கு வந்த பணத்தைக் கைமாற்றாகக் கொடுத்த விதவை உண்டு. அவர்கள் கையில் இருக்கும் ஒரே பிடிப்பு அந்தச் செக்தான். அவர்களிடம் போய்ச் சட்ட நுணுக்கம் பேசுவது பாவம்.

வீட்டில் உள்ளவர்களுக்கு

சிவில் டிக்ரி என்றதும் "அப்பாவைப் பிடித்துக்கொண்டு போய்விடுவார்களா?" என்று பிள்ளைகள் அழுவது உண்டு. பணம் இல்லாமல் கட்ட முடியாதவரை, கட்டவில்லை என்பதற்காக மட்டும் சிவில் ஜெயிலில் போட முடியாது. 1980-ல் சுப்ரீம் கோர்ட்டு தெளிவாகச் சொல்லிவிட்டது. நீதிபதி கிருஷ்ணய்யர் எழுதிய தீர்ப்பு. கையில் பணத்தை வைத்துக்கொண்டு ஏமாற்றுகிறவருக்கு இந்தச் சலுகை கிடையாது. சம்பளத்திலும் முழுவதையும் பிடித்துவிட முடியாது. முதல் ஆயிரம் ரூபாயையும், மிச்சத்தில் மூன்றில் இரண்டு பங்கையும் தொடக்கூடாது.

செக் கொடுத்த தகப்பனார் காலமாகிவிட்டால்? அவர் விட்டுச்சென்ற சொத்து எவ்வளவோ, அவ்வளவுக்குத்தான் பிள்ளைகள் பொறுப்பு. சொத்தே இல்லை என்றால், மகன் தன் சம்பாத்தியத்தில் இருந்து கொடுக்கவேண்டும் என்று சட்டம் கட்டாயப்படுத்தாது.

வக்கீலுக்குக் கொடுக்கப் பணம் இல்லையே என்பவர்களுக்கும் வழி இருக்கிறது. கோர்ட்டு வளாகத்திலேயே சட்டப்பணிகள் ஆணைக்குழு இருக்கும். பெண்கள், தாழ்த்தப்பட்டோர், பழங்குடியினர், உடல் ஊனமுற்றோர், தொழிலாளர்கள், வருமானம் குறைந்தவர்கள் இவர்களுக்கு இலவசமாக வக்கீல் கொடுப்பார்கள். 1987-ம் ஆண்டுச் சட்டம் தந்த உரிமை இது, பிச்சை அல்ல. 15100 என்ற எண்ணுக்கு டெலிபோன் செய்தும் கேட்கலாம். பத்து நாள் கெடுவில் முதல் நாளே கேட்கவேண்டும்.

பேசித் தீர்ப்பதும் அங்கே நடக்கும். மக்கள் கோர்ட்டில் முடிந்தால் மேல் அப்பீல் கிடையாது. வாதி கட்டிய கோர்ட்டுக் கட்டணமும் அவருக்குத் திரும்பக் கிடைக்கும். அதனால் அவரும் கொஞ்சம் இறங்கி வருவார்.

டிக்ரி ஆனபிறகு வெளியே பேசிமுடித்துப் பணம் கொடுப்பவர்கள் மட்டும் ஒன்றில் கண்ணாக இருக்கவேண்டும். நாலு பெரியவர்கள் முன்னால் எண்ணிக் கொடுத்தேன் என்பது பிறகு செல்லாது. பணம் வந்துவிட்டது என்று வாதி கோர்ட்டில் எழுதிக் கொடுத்துப் பதிவு ஆகவேண்டும். அவர் செய்யாவிட்டால், பணம் கொடுத்த 30 நாளுக்குள் பிரதிவாதியே மனுப் போட்டுப் பதிவு செய்துகொள்ளலாம். பதிவாகாத பணத்தை டிக்ரி நிறைவேற்றும் கோர்ட்டு கணக்கில் எடுத்துக்கொள்ளாது. அதே டிக்ரியை வைத்து மறுபடியும் ஜப்திக்கு வருவார்கள். பணத்தை பாங்கி மூலமாகவே கொடுத்து, அந்தப் பழைய செக் கோர்ட்டுக் கட்டில் இருக்கிறதா, இன்னொரு வெறும் செக் அவர் பீரோவில் இருக்கிறதா என்று கேட்டு, இருந்தால் அதையும் கையோடு வாங்கிக்கொண்டு வீட்டுக்கு வரவேண்டும்.